உறைந்த பெல்லினி சொதப்பினால்: அறிகுறி பார்த்துச் சரிசெய்வது

மிக்ஸி ஜாரில் ஒயினை ஊற்றாதீர்கள். இதை மட்டும் படித்துவிட்டு எழுந்து போனாலும், கீழே வரும் கோளாறுகளில் பாதி உங்கள் வீட்டில் வராது.

நான் ஊற்றினேன். எங்கோ பார்த்த பெல்லினி (பீச் கூழும் குமிழி ஒயினும் சேர்ந்த பானம்) செய்முறையில் பழம், ஐஸ், ஒயின் எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டு ஒரு சுற்று சுற்றச் சொல்லியிருந்தார்கள். ஜூஸ் ஜாரில் உறைந்த பீச் துண்டுகள், அதன்மேல் குளிர்ந்த புரோசெக்கோ என்ற இத்தாலிய ஸ்பார்க்ளிங் ஒயின், ஒரு கை மூடியின் மேல், இன்னொரு கை திருகில். இரண்டு வினாடிகூட ஆகியிருக்காது. மூடி என் கையைத் தள்ளிக்கொண்டு எழும்பியது. சுவரில் தொங்கிய தினசரி காலண்டரில் அன்றைய தேதி தெரியாத அளவுக்குப் பீச் கூழ். மனைவி கூடத்திலிருந்து எட்டிப் பார்த்து, "என்னங்க, தேங்காய்ச் சட்னி அரைக்கும்போதுகூட இவ்வளவு தெறிச்சதில்லையே" என்றாள்.

நடந்தது இதுதான். ஸ்பார்க்ளிங் ஒயின் பாட்டிலுக்குள் சுமார் 5 பார் (வெளிக் காற்றழுத்தத்தைப் போல் ஐந்து மடங்கு) அழுத்தத்தில் கரியமில வாயு கரைந்திருக்கிறது. 100 மி.லி. ஒயினில் இருப்பது முழுவதும் வெளியே வந்தால் அதற்கு ஏறக்குறைய அரை லிட்டர் இடம் வேண்டும். மெதுவாக ஊற்றினால் அது கொஞ்சம் கொஞ்சமாக வரும். பிளேடால் அடித்தால் ஒரேயடியாக வரும். மூடிய ஜாரில் அது எங்கே போகும்?

பெல்லினி வெனிஸ் நகரத்துப் பானம். 1931-ல் திறந்த ஹாரிஸ் பாரில் ஜுசெப்பே சிப்ரியானி அதை உருவாக்கினார். ஆண்டு 1948 என்று பொதுவாகச் சொல்வார்கள். வெள்ளை பீச்சின் கூழ், அதன்மேல் புரோசெக்கோ, அவ்வளவுதான். சர்வதேச பார்டெண்டர் சங்கத்தின் அளவு 50 மி.லி. கூழுக்கு 100 மி.லி. ஒயின். அசல் பெல்லினி உறைந்ததல்ல, குளிர்ந்தது. கோளாறு தொடங்கும் இடம் இதுதான். உறைய வைக்க ஆரம்பித்ததும் அந்த அளவு ஒத்துவராது, சர்க்கரைக் கணக்கு மாறும், ஊற்றும் முறையும் மாறும்.

நான் வைத்துக்கொள்ளும் அளவைச் சொல்லிவிடுகிறேன். கீழே திருத்தம் சொல்லும் இடமெல்லாம் இதை வைத்துத்தான். நான்கு கிளாஸுக்குத் தோலும் கொட்டையும் நீக்கிய பீச் கூழ் 400 கிராம், சர்க்கரை 60 கிராம், எலுமிச்சைச் சாறு ஒரு மேசைக்கரண்டி. மிக்ஸியில் அரைத்து வடிகட்டி, அகலமான தட்டில் ஒன்றரை சென்டிமீட்டர் கனத்துக்கு ஊற்றி, மூடி, ஃப்ரீசரில் நான்கைந்து மணி நேரம். ஒரு மணிக்கொரு தரம் முள்கரண்டியால் கீறிவிட வேண்டும். பரிமாறும்போது கிளாஸுக்கு நூறு கிராம் சொச்சம் கூழ், 100 மி.லி. ஒயின். மிக்ஸிக்கு வேலை பழத்தோடு முடிந்துவிட்டது. ஒயின் கிளாஸில்தான் சேரும், கரண்டியால்தான் கலக்கும்.

ஊற்றியதும் நுரை பொங்கி மேசையில் வழிகிறது

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது இதில்தான். முதல் சந்தேகம் ஒயினின் சூடு. பாட்டில் 6 முதல் 8 டிகிரிக்குள் இருக்க வேண்டும். குளிர்ந்த திரவம் வாயுவைப் பிடித்து வைத்துக்கொள்ளும், சூடானது விட்டுவிடும். கடையிலிருந்து வந்த பாட்டிலை அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்தால் போதாது. மூன்று மணி நேரமாவது வேண்டும். அவசரம் என்றால் ஒரு வாளியில் பாதி ஐஸ், பாதி தண்ணீர், ஒரு கைப்பிடி உப்பு. அதில் பாட்டிலைக் கழுத்துவரை இறக்கினால் இருபது நிமிடத்தில் ஆகிவிடும். வெறும் ஐஸில் செருகி வைப்பவர்களைப் பார்க்கிறேன். ஐஸ் கட்டி பாட்டிலை அங்கங்கே தொடுகிறது, தண்ணீர் சுற்றிலும் தொடுகிறது. தண்ணீர் சேர்க்க மறக்காதீர்கள்.

பாட்டில் குளிர்ந்திருந்தும் பொங்குகிறதென்றால் ஊற்றும் விதத்தைப் பாருங்கள். உறைந்த கூழ் வழவழப்பாகத் தெரிந்தாலும் கிட்டத்தில் பார்த்தால் முழுக்க ஊசி ஊசியாய் ஐஸ். ஒவ்வொரு நுனியும் ஒரு குமிழி பிறக்கும் இடம். கோலாவில் மிட்டாய் போட்டால் பீய்ச்சுவதும் இதே கதை. போதாதற்குப் பழத்தில் இருக்கும் பெக்டின் என்ற பசைப்பொருள் நுரையை உடையவிடாமல் பிடித்துக்கொள்கிறது. ஆகவே ஒரே மூச்சில் ஊற்றக் கூடாது. கிளாஸில் கூழைப் போட்டதும் இரண்டு மேசைக்கரண்டி ஒயின் மட்டும் விடுங்கள். நுரை சர்ரென்று எழும்பும், எழும்பட்டும். நீளக் கரண்டியால் அடியிலிருந்து இரண்டு முறை தூக்கிவிட்டு, நுரை உட்காரும் வரை பேசாமல் இருங்கள், இருபது வினாடி போதும். இப்போது கூழ் தளர்ந்து, ஊசிகள் நனைந்துவிட்டன. அப்புறம் கிளாஸைச் சாய்த்து, மீதியை ஓரமாக வழியவிடுங்கள். இரண்டாம் தடவை நுரை பாதிகூட எழும்பாது.

அன்னாசிக் கூழ் போட்டிருந்தால் இதெல்லாம் செய்தாலும் கொஞ்சம் பொங்கத்தான் செய்யும். மிக்ஸியில் அரைக்கும்போதே அது நுரைத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். அதற்குப் பெரிய கிளாஸ் எடுத்துக்கொள்ளுங்கள், வேறு மந்திரம் கிடையாது.

கிளாஸைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஒல்லியான ஷாம்பெயின் கிளாஸ் இதற்கு வேண்டாம். கூழ் நடுவில் அடைத்துக்கொள்ளும், அடியில் ஒயின், மேலே பனிக்கட்டித் தொப்பி, கரண்டியும் உள்ளே போகாது. 250 மி.லி.க்குக் குறையாத, வாய் அகன்ற கிளாஸ் எது இருந்தாலும் சரி.

குமிழியே இல்லை, பழ ஜூஸ் மாதிரி இருக்கிறது

மேலே சொன்னதற்கு நேர் எதிர்க் கோளாறு. பெரும்பாலும் காரணம் கலக்கியவரின் கை. மோர் கடைவதுபோல் கடைந்தால் கேஸ் முழுக்கப் போய்விடும். மூன்று நான்கு தடவை அடியிலிருந்து மேலே தூக்கிவிடுவது, அதோடு நிறுத்துவது. கூழ் அங்கங்கே திட்டாக நின்றால் நிற்கட்டும், குடிக்கக் குடிக்கக் கரையும்.

அடுத்து லேபிளைப் பாருங்கள். புரோசெக்கோவில் இரண்டு வகை பரவலாகக் கிடைக்கிறது. ஸ்புமான்தே என்று எழுதியிருந்தால் முழு அழுத்தம். ஃப்ரிசான்தே என்றால் பாதிக்கும் குறைவு, இரண்டரை பாரைத் தாண்டாது. ஃப்ரிசான்தே தனியாகக் குடிக்க நன்றாகத்தான் இருக்கும். ஆனால் உறைந்த கூழில் ஊற்றினால் முதல் நுரையோடு கதை முடிந்தது. இதற்கு ஸ்புமான்தேதான். நாசிக் பக்கம் செய்யும் ஸ்பார்க்ளிங் ஒயினும் இதற்குத் தாராளமாகப் போதும். பீச்சும் சர்க்கரையும் சேர்ந்த பிறகு விலையுயர்ந்த ஷாம்பெயினின் நுணுக்கம் எதுவும் நாக்குக்கு எட்டாது. நல்ல ஷாம்பெயின் வீட்டில் இருந்தால் அதைத் தனியாகக் குடியுங்கள்.

நேற்றுத் திறந்த பாட்டிலா? கழுத்தில் ஸ்பூனைத் தலைகீழாகச் செருகி வைத்தால் கேஸ் போகாது என்று நம்புகிறவர்கள் உண்டு. அந்த ஸ்பூன் ஒன்றும் செய்வதில்லை. அழுத்திப் பூட்டும் மூடி போட்டு ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுநாள் வரை தாங்கும்.

கிளாஸில் எண்ணெய்ப் பிசுக்கோ சோப்போ இருந்தாலும் நுரை நிற்காது. வெந்நீரில் அலசி, துணியால் துடைக்காமல் கவிழ்த்து வையுங்கள்.

ஐந்து நிமிடத்தில் தண்ணீராகிவிடுகிறது

இதில் இரண்டு குற்றவாளிகள். ஒன்று, சூடான ஒயின். ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 30 டிகிரியில் இருக்கும் 100 மி.லி. ஒயினை 4 டிகிரிக்கு இறக்க மட்டுமே சுமார் 32 கிராம் ஐஸ் உருக வேண்டும். உங்கள் கிளாஸில் இருக்கும் 100 கிராம் கூழில் ஐஸாக இருப்பதே அறுபது, எழுபது கிராம்தான். பாதி அங்கேயே போயிற்று. நம் ஊர் மே மாதத்தில் பாட்டிலை மேசைமேல் வைத்துக்கொண்டு பேசினால் இரண்டாவது ரவுண்டு ஒயின் கிட்டத்தட்ட இந்த நிலையில்தான் இருக்கும். வாளியை விட்டு பாட்டிலை வெளியே எடுக்காதீர்கள். கிளாஸையும் பதினைந்து நிமிடம் ஃப்ரீசரில் வைத்து எடுங்கள்.

இரண்டாவது குற்றவாளி ஐஸ் கட்டி. பழம் போதவில்லை என்று ஐஸைப் போட்டு அரைத்தால், பார்ப்பதற்குக் கெட்டியாக இருக்கும். ஆனால் அது தண்ணீர்தானே, உருகியதும் ருசியைக் கழுவிக்கொண்டு போய்விடும். குளிர்ச்சி பழத்திலிருந்தே வரட்டும். பழத்தைத் துண்டு போட்டு, தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி உறைய வைத்து, பிறகு டப்பாவில் அள்ளி வைத்துக்கொண்டால் திடீர் விருந்தாளிக்கு உதவும்.

அசல் பெல்லினியின் ஒன்றுக்கு இரண்டு அளவை அப்படியே பிடித்துக்கொண்டு ஒயினை இரட்டிப்பாக ஊற்றினாலும் இதே விளைவுதான். உறைந்ததற்கு ஒன்றுக்கு ஒன்று.

கூழ் கல்லாகிவிட்டது, கரண்டி இறங்கவில்லை

சர்க்கரை குறைவு. சர்க்கரையை இனிப்புக்கு மட்டும் போடுவதாக நினைத்து, உடம்புக்கு நல்லதென்று பாதியாகக் குறைப்பவர்களுக்கு இது கட்டாயம் வரும். சர்க்கரை கரைந்த தண்ணீர் முழுதாக உறையாது. ஐஸ் துகள்களுக்கு நடுவே கொஞ்சம் பாகு திரவமாகவே நிற்கும். அந்தப் பாகுதான் கூழை மசியச் செய்கிறது. ஸ்வீட்னர் மாத்திரை இந்த வேலையைச் செய்யாது. இனிக்கும், ஆனால் செங்கல்லாக உறையும்.

இப்போதைக்குச் சரிசெய்ய, தட்டை வெளியே பத்து நிமிடம் வையுங்கள். கத்தியின் பின்புறத்தால் உடைத்து மிக்ஸியில் போட்டு, இரண்டு மேசைக்கரண்டி சர்க்கரைப் பாகு ஊற்றி, விட்டு விட்டு ஐந்து வினாடியாக அடியுங்கள். ஒரே ஓட்டமாக ஓட்டினால் பிளேடின் சூட்டில் அடியில் உருகும், மேலே கட்டி நிற்கும், மோட்டாரும் தீய்ந்த வாடை அடிக்கும். சின்ன ஜாரில் பாதிக்குமேல் நிரப்பாதீர்கள்.

அடுத்த முறை 60 கிராமை விடாதீர்கள். வேண்டுமானால் ஓட்கா இரண்டு மேசைக்கரண்டி சேர்த்து உறைய வைக்கலாம், இன்னும் மசிவாக வரும்.

கூழ் உறையவே இல்லை

ஓட்காவைக் கை நீட்டி ஊற்றியிருப்பீர்கள், அல்லது ஒயினைக் கூழில் கலந்து உறைய வைக்கப் பார்த்திருப்பீர்கள். அதுவும் இல்லையென்றால் டின்னில் வந்த இனிப்புக் கூழில் மேலும் 60 கிராம் சர்க்கரை. டின் பீச் என்றால் பாகை வடித்துவிட்டு 30 கிராம் சர்க்கரை போதும். உறையாத கூழில் இன்னும் 150 கிராம் இனிப்பில்லாத பழம் அரைத்துச் சேர்த்து மறுபடி வையுங்கள்.

பல்லில் நறநறக்கிறது

எது நறநறக்கிறது என்று முதலில் நாக்கில் வைத்துப் பாருங்கள். கரைந்தால் ஐஸ், கரையாவிட்டால் விதை.

ஐஸ் என்றால் கூழ் மெதுவாக உறைந்திருக்கிறது. ஆழமான டப்பாவில் ஊற்றி வைத்தால் நடுப்பகுதி உறைய நாள் முழுக்க ஆகும், அதற்குள் துகள்கள் ஒன்றையொன்று சாப்பிட்டுப் பெரிதாகும். அகலமான தட்டும் மெல்லிய கனமும் சொன்னது இதற்குத்தான். கரண்ட் போய் வந்தாலும் இதே நிலைதான்: பாதி உருகி மறுபடி உறையும்போது கற்கண்டு மாதிரி ஆகும். அப்படியானால் மிக்ஸியில் விட்டு விட்டு ஒரு சுற்று, திரும்ப ஒரு மணி நேரம் ஃப்ரீசர். தர்பூசணியில் தண்ணீர் அதிகம், சர்க்கரையும் பெக்டினும் குறைவு. அது எப்படிச் செய்தாலும் நறநறக்கும். அதைக் குறையாக நினைக்காமல் சுரண்டிய ஐஸ் மாதிரியே பரிமாறிவிடுங்கள்.

விதை என்றால் ஸ்ட்ராபெரி, ராஸ்பெரி. பெல்லினியில் பீச்சுக்குப் பதில் ஸ்ட்ராபெரி போட்டால் அதற்கு இத்தாலியில் ரொஸ்ஸினி என்று பெயர், மாதுளை போட்டால் தின்டொரெட்டோ. மாதுளையை மிக்ஸியில் ஓட்டவே ஓட்டாதீர்கள், விதை உடைந்து கசப்பு இறங்கிவிடும். துணியில் கட்டிப் பிழியுங்கள். ஸ்ட்ராபெரியை மிக்ஸியில் மூன்றே சுற்று, பிறகு வடிகட்டி.

மாம்பழத்துக்கு நார்தான் பிரச்சினை. நார் கூழோடு உறைந்தால் ஸ்ட்ராவில் நூலாக வரும். உறைய வைக்கும் முன் வடிகட்டியில் கரண்டியால் தேய்த்து இறக்குங்கள். மாம்பழம் பீச்சைவிட இனிப்பு, ஆகவே 400 கிராமுக்கு 30 கிராம் சர்க்கரை, எலுமிச்சை இரண்டு கரண்டி. வெனிஸ்காரர் யாரும் அதைப் பெல்லினி என்று ஒப்புக்கொள்ள மாட்டார். ருசியில் குறை சொல்லவும் முடியாது.

சப்பென்று இருக்கிறது

அரைத்ததும் ருசி பார்த்தபோது சரியாக இருந்தது, உறைந்த பிறகு ஒன்றுமே தெரியவில்லை என்பார்கள். குளிரில் நாக்குக்கு இனிப்பு மங்கும். அதோடு சம அளவு ஒயின் வேறு சேரப்போகிறது. எனவே உறைய வைக்கும் முன் ருசி பார்க்கும்போது, "இது கொஞ்சம் ஓவர்" என்று சொல்லத் தோன்றும் அளவுக்கு, பாயசம் மாதிரி இனிக்க வேண்டும். ஒரு சிட்டிகை உப்பும் சேருங்கள், பழ வாசனை தூக்கிக்கொண்டு நிற்கும்.

இனிப்பைக் கூட்ட ஒயினை மாற்றலாம் என்று நினைத்தால் லேபிளில் ஒரு வேடிக்கை இருக்கிறது. "எக்ஸ்ட்ரா டிரை" என்று எழுதியிருக்கும் புரோசெக்கோ "ப்ரூட்" என்பதைவிட இனிப்பு. ப்ரூட்டில் லிட்டருக்கு 12 கிராம் வரை சர்க்கரை, எக்ஸ்ட்ரா டிரையில் 12 முதல் 17, வெறும் "டிரை" என்றால் 17 முதல் 32. பெயரைப் பார்த்து ஏமாந்து நான் முதலில் வாங்கியது டிரைதான். நம் கூழுக்கு ப்ரூட் பொருந்தும். இனிப்பு கூழிலிருந்து வரட்டும், ஒயின் அதை வெட்டட்டும்.

பழமே பழுக்காமல் இருந்தால் எந்தச் சர்க்கரையும் காப்பாற்றாது. கொடைக்கானல், ஊட்டிப் பக்கத்திலிருந்து சீசனில் வரும் பீச்சைக் காகிதப் பையில் சுற்றி இரண்டு நாள் வெளியே வையுங்கள். காம்பருகே மூக்கை வைத்தால் வாசனை வர வேண்டும். வராதவரை அரைக்காதீர்கள்.

கூழ் பழுப்பாகிவிட்டது

வாழைப்பழம் வெட்டி வைத்தால் கறுப்பது போலத்தான். செல்கள் உடைந்ததும் பழத்திலிருக்கும் நொதி காற்றோடு சேர்ந்து வேலையைத் தொடங்கிவிடும். உறைந்து உருகும்போது இன்னும் வேகம். எலுமிச்சைச் சாற்றை அரைத்த பிறகு விடாமல், பழத்தோடு சேர்த்தே ஜாரில் விடுங்கள். தோல் உரிக்கப் பீச்சை அரை நிமிடம் கொதிநீரில் போட்டுக் குளிர்ந்த நீருக்கு மாற்றுவோமே, அந்தச் சூடும் மேற்பரப்பில் நொதியை அடக்குகிறது. தட்டில் ஊற்றியதும் பிளாஸ்டிக் தாளைக் கூழின் மேலேயே ஒட்டிவிடுங்கள். பழுப்பானதைத் திருப்ப வழியில்லை. ருசி கெடவில்லை என்றால் குடிக்கலாம்.

அசல் இளஞ்சிவப்பு வரவில்லை என்பது வேறு வருத்தம். ஜோவான்னி பெல்லினியின் ஓவியத்தில் இருந்த இளஞ்சிவப்பை நினைவூட்டியதால்தான் சிப்ரியானி இந்தப் பெயரையே வைத்தார். நமக்குக் கிடைப்பது பெரும்பாலும் மஞ்சள் பீச், அது ஆரஞ்சாகத்தான் வரும். உரித்த தோலை எறியாமல், கூழுக்கென்று எடுத்த அதே 60 கிராம் சர்க்கரையோடு அரை டம்ளர் தண்ணீரில் ஐந்து நிமிடம் கொதிக்கவிட்டு, பாகு பாதியாகச் சுண்டியதும் வடிகட்டிக் கூழில் சேருங்கள். தோலின் சிவப்பு அழகாக இறங்கும். பீட்ரூட் ஒரு துண்டு போடலாமே என்று தோன்றும். எனக்கும் தோன்றியது. நிறம் பிரமாதம், வாசனை மழை பெய்த வயல்.

பூண்டு வாடை அடிக்கிறது

சிரிக்காதீர்கள், நம் வீடுகளில் இது அடிக்கடி நடக்கும். ஜாரை நன்றாகத்தான் கழுவியிருப்பீர்கள். மூடியின் உள்ளே இருக்கும் ரப்பர் வாஷரைக் கழற்றிப் பாருங்கள். போன மாதத்து இஞ்சி பூண்டு விழுது அங்கே குடியிருக்கும். வாஷரைச் சமையல் சோடா கரைத்த வெந்நீரில் ஒரு மணி நேரம் ஊறப்போட்டு, வெயிலில் காய வையுங்கள். அப்படியும் போகாவிட்டால் புது வாஷர், சில பத்து ரூபாய்தான். மீன் வாடை என்றால் மிக்ஸியைத் திட்டாதீர்கள், ஃப்ரீசரில் பக்கத்து டப்பாவைப் பாருங்கள். வாடை ஏறிய கூழைக் காப்பாற்ற முடியாது.

கசக்கிறது

பீச் கொட்டையை ஒட்டிய சிவப்புப் பகுதியைச் சுரண்டும்போது கொட்டை உடைந்து பருப்பு சேர்ந்திருக்கலாம். கொட்டைப் பருப்பு வேண்டவே வேண்டாம், கசப்புக்கு மட்டுமல்ல, சயனைடு தரும் பொருள் அதில் உண்டு. ஆரஞ்சு, எலுமிச்சை என்றால் வெள்ளைத் தோல்.

பாட்டிலை ஃப்ரீசரில் வைத்து மறந்துவிட்டேன்

வீட்டு ஃப்ரீசர் மைனஸ் 18. பதினொரு சதவீத ஒயின் மைனஸ் 5 அருகிலேயே உறைய ஆரம்பித்துவிடும். தண்ணீர் உறைந்தால் ஒன்பது சதவீதம் பெருக்கும். ஐஸுக்குள் வாயு தங்காது, மிச்சமிருக்கும் கொஞ்ச இடத்தில் அழுத்தம் ஏறும். தக்கை மேலே தள்ளியிருந்தாலோ பாட்டிலில் கீறல் தெரிந்தாலோ முகத்தைக் கிட்டே கொண்டுபோகாதீர்கள். தடித்த துண்டைச் சுற்றி, நிற்கும் நிலையில் ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டுக்கு மாற்றி, ஒரு இரவு விட்டுவிடுங்கள். கீறல் விழுந்தது குப்பைக்குத்தான்.

உருகிய பிறகு திறப்பதும் நிதானமாக. கம்பியைத் தளர்த்திய நொடியிலிருந்து கட்டைவிரல் தக்கை மேலேயே இருக்க வேண்டும். தக்கையைத் திருகாமல் பாட்டிலைத் திருகுங்கள், ஆள் இல்லாத பக்கமாகச் சாய்த்து. டப் என்ற சத்தம் வீரமாக இருக்கலாம், ஆனால் அந்தச் சத்தத்தோடு உங்களுக்கு வேண்டிய கேஸும் போகிறது. புஸ் என்று பெருமூச்சு விட்டால் போதும்.

"மச்சான், இது ஜூஸ்தானே?"

மூன்றாவது கிளாஸை நீட்டியபடி என் மைத்துனர் கேட்டது. குளிர்ச்சியும் இனிப்பும் சாராய நெடியை முழுக்க மறைத்துவிடும், கோளாறே அதுதான். கிளாஸுக்கு 100 மி.லி., 11 சதவீதம் என்றால் 11 மி.லி. சுத்த ஆல்கஹால். மூன்று கிளாஸ் 33 மி.லி. நம் ஊர் பிராந்தியின் 42.8 சதவீதக் கணக்கில் 77 மி.லி., அதாவது இரண்டரை ஸ்மாலுக்குக் கொஞ்சம் கூட. கூழில் ஓட்கா சேர்த்திருந்தால் இன்னும் ஏறும். இதைச் சொன்னதும் பைக் சாவியை அவரே என் மேசையில் வைத்தார். குடிக்காதவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் அதே கூழில் நன்கு குளிர்ந்த சோடா. அதற்கு ஓட்கா சேர்க்காத தட்டு தனியாக இருக்கட்டும்.

எல்லாம் செய்தும் சரிவரவில்லை

அப்படியானால் பீச்சை மறந்துவிட்டு வெனிஸ்காரர்களின் இன்னொரு பானத்துக்குப் போங்கள். ஸ்க்ரோப்பினோ. கடையில் வாங்கிய எலுமிச்சை சோர்பே (பால் சேராத பழ ஐஸ்) நான்கு பெரிய கரண்டி, குளிர்ந்த புரோசெக்கோ 200 மி.லி., ஓட்கா இரண்டு மேசைக்கரண்டி. குளிர வைத்த அகலப் பாத்திரத்தில் சோர்பேயை முட்டை அடிக்கும் கம்பியால் மசித்து, ஒயினைச் சிறிது சிறிதாக விட்டுக்கொண்டே கலக்க வேண்டும். வயிற்றில் விழுந்த முடிச்சை அவிழ்ப்பது என்ற பொருளில் வந்த பெயர். மீன் சாப்பிட்ட பிறகு, இறைச்சி வரும் முன் கொடுப்பார்கள். அவர்கள் இதைப் பாத்திரத்தில் கம்பியால்தான் கலக்குகிறார்கள். நான் காலண்டரைத் துடைத்து முடித்த பிறகுதான் இது எனக்குத் தெரிந்தது.

கிளாஸில் மீந்துவிட்டது

ஒயின் கலந்ததை மறுபடி பெல்லினி ஆக்க முடியாது, கேஸ் போயிற்று. கீழே கொட்டவும் வேண்டாம். எல்லாக் கிளாஸிலும் மீந்ததை ஒரே தட்டில் ஊற்றி ஃப்ரீசரில் வையுங்கள். ஆல்கஹால் இருப்பதால் கல்லாகாது. மறுநாள் முள்கரண்டியால் சுரண்டினால் பூப்பூவாக வரும், பெரியவர்களுக்கு ஆளுக்கு இரண்டு கரண்டி. ஒயின் கலக்காத கூழ் மூடிய டப்பாவில் ஒரு மாதம் வரை நன்றாக இருக்கும். டப்பாமேல் என்னவென்று எழுதி ஒட்டுங்கள். எங்கள் வீட்டில் ஒருமுறை அது தக்காளி விழுது என்று நினைத்து ரசத்துக்குப் போய்விட்டது.